முகம் பார்த்த திசை

போன மாதம் வாலாஜாபாத்தில் செய்திக்குப் படம் எடுக்கிற நம் ஆட்கள் கூடியபோது, வேலையை விடுகிறவன் என்று என்னை மேடைக்குக் கூப்பிட்டு மைக்கைக் கையில் கொடுத்தீர்கள். எதிரே நாற்பது பேர் உட்கார்ந்திருப்பதைப் பார்த்ததும் எனக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது. "எல்லாருக்கும் நன்றி" என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கிவிட்டேன். இத்தனை வருஷம் கேமராவுக்குப் பின்னால் நின்றவனுக்கு முன்னால் நிற்க வரவில்லை. அன்றைக்குச் சொல்ல நினைத்ததை இப்போது எழுதி அனுப்புகிறேன். பத்தாவதோடு படிப்பை நிறுத்தியவன் நான். எழுத்தில் குறை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

மறியல், தடியடி என்று படம் எடுக்கப் போகிற உங்களுக்குப் பாதுகாப்பைப் பற்றி நான் சொல்ல வேண்டியதில்லை. எங்கே நிற்பது, எப்போது ஓடுவது என்று என்னைவிட உங்களுக்கு நன்றாகத் தெரியும். எனக்குத் தெரிந்தது நான் செய்த ஒரு தவறு. அந்தத் தவறால் ஒரு பெண் சிறைக்குப் போனார். அதைச் சரிசெய்யப் போய் இன்னொரு தவறு செய்ய இருந்த என்னை வேறொரு பெண் தடுத்தார். அந்த இரண்டு பேருக்கும்தான் என் நன்றி.

உங்களில் பாதிப் பேர் நேராகச் செய்தி வேலைக்கு வந்தவர்கள். நான் அப்படி இல்லை. உத்திரமேரூர் பஸ் ஸ்டாண்டு பக்கத்தில் எனக்கு ஒரு சின்ன ஸ்டுடியோ. சுற்று வட்டாரத்தில் கல்யாணம், காதுகுத்து, மஞ்சள் நீராட்டு எதுவானாலும் நான்தான் வீடியோ. அந்த வேலையில் ஒரே ஒரு சட்டம் உண்டு. வந்தவர்களில் ஒருவர் முகமும் விட்டுப்போகக் கூடாது. பந்தியில் இலைக்கு முன்னால் உட்கார்ந்திருக்கிற ஒவ்வொருவருக்கும் நான்கு விநாடி. நான்கு விநாடி ஆனதும் அடுத்த இலை. ஆரம்பத்தில் ஒரு கல்யாணத்தில் ஒருவரை விட்டுவிட்டேன். வீடியோ வாங்கிப்போன மறுநாளே மாப்பிள்ளையின் அக்கா கடைக்கு வந்துவிட்டார்.

"இன்னாண்ணா, எங்க பெரிய மாமன் மூஞ்சியே காணோம்? சீரத் தூக்கியாந்ததே அவருதான். ஊரே உக்காந்து டிவியில பாத்துக்கினு இருந்தது. தன் மூஞ்சி வரும் வரும்னு பாத்துட்டு, மனுசன் சோறு துன்னாம எய்ந்து போய்ட்டாரு!"

அதன் பிறகு நான் யாரையும் விட்டதில்லை. முகத்தைக் கண்டால் கை தானாக அங்கே போகும். வருஷக்கணக்கில் இப்படி எடுத்ததில் வட்டாரத்தில் பாதி முகங்களுக்குப் பெயரும் தெரியும், எந்த ஊர், யாருக்கு என்ன உறவு என்பதும் தெரியும்.

மாவட்டச் சேனல் ஒன்று, இந்தப் பக்கத்துச் செய்திகளை எடுத்து அனுப்ப ஆள் வேண்டும் என்று கேட்டபோது ஒப்புக்கொண்டேன். கல்யாணப் பழக்கத்தையும் கூடவே எடுத்துப் போனேன். முதல் போராட்டத்தில் கொடும்பாவி எரித்தார்கள். நான் வெளிச்சத்தைச் சரிசெய்வதற்குள் எரிந்து முடிந்துவிட்டது. முகூர்த்தத்தில் மாலை மாற்றுவது சரியாக விழவில்லை என்றால் "இன்னொரு தடவை மாத்துங்க" என்போமே, அதே நினைப்பில், "சரியா வுழலீங்க, இன்னொரு தபா கொளுத்துறீங்களா?" என்று கேட்டுவிட்டேன்.

"ஒரு பொம்மதான் கட்டினு வந்தோம் நைனா," என்றார் முன்னால் நின்றவர், நிஜமாகவே வருத்தப்பட்டு. "நாளிக்கு வாயேன், உனக்குன்னு ஒன்னு கட்டி வைக்கிறோம்."

பக்கத்தில் நின்ற போலீஸ்காரர் தொப்பியைக் கழற்றி முகத்தை மூடிக்கொண்டு சிரித்தார். எனக்குத் தரையில் புதைந்துவிடலாம் போல இருந்தது. அன்றோடு அந்தப் பழக்கத்தை விட்டேன். முகம் பிடிக்கிற பழக்கம் மட்டும் கூடவே இருந்தது. அதில் தவறு இருக்கிறது என்றே எனக்குத் தோன்றவில்லை.

இனி அந்த நாளுக்கு வருகிறேன். எந்த நகரம், எந்த ஸ்டேஷன் என்று சொல்லப்போவதில்லை. செல்வி என்பதும் நான் வைத்த பெயர்.

எங்கள் தாலுகாவில் ஒரு கிராமம். பள்ளிக்கூடத்துக்குப் போகிற சாலையில் நாள் முழுக்க ஜல்லி லாரிகள் ஓடும். ஒரு நாள் காலையில் பள்ளிக்கு நடந்துபோன ஒரு சிறுமியின் கால்மேல் லாரிச் சக்கரம் ஏறிவிட்டது. உயிருக்கு ஆபத்தில்லை, கால் எலும்பு நொறுங்கிவிட்டது. பள்ளி நேரத்திலாவது லாரியை நிறுத்துங்கள் என்று ஊர்க்காரர்கள் பல தடவை மனு கொடுத்துப் பார்த்தார்கள். ஒன்றும் நடக்கவில்லை. கடைசியில் இரண்டு வேன் பிடித்து நகரத்துக்குப் போய், நான்கு சாலை கூடும் இடத்தில் உட்கார்ந்துவிட்டார்கள். பெண்கள்தான் அதிகம். அந்தப் பள்ளியில் சத்துணவு சமைக்கிற உதவியாளர் செல்வியும் அவர்களில் ஒருவர். முப்பத்தைந்து வயதிருக்கும். கணவர் இல்லை. இரண்டு பிள்ளைகளையும் மாமியாரையும் அந்த வேலையை வைத்துத்தான் காப்பாற்றிக்கொண்டிருந்தார்.

நான் போனபோது வெயில் உச்சிக்கு வந்துவிட்டது. நாலு பக்கமும் பஸ்கள் நின்றுகொண்டிருந்தன. எனக்கு எல்லாம் தெரிந்த முகங்கள். கேமராவைத் தூக்கிக்கொண்டு வரிசையாகப் போனேன். முகத்துக்கு நான்கு விநாடி.

"இன்னா அண்ணே, பந்திக்கு வந்துகீறியா? எலை போடல இன்னும்!" என்றார் ஒரு அம்மா.

"சிரிச்சா போதுமா, கோவமா இருக்கணுமா?" என்று இன்னொருவர் கேட்டார். கூட்டமே சிரித்தது. செல்வி மட்டும் சிரிக்காமல், "எங்கள எடுக்கிறது கெடக்கட்டும், எதுக்கு உக்காந்துகீறோம்னு கேட்டுப் போடு," என்றார். போடுகிறேன் என்று தலையாட்டிவிட்டு அடுத்த முகத்துக்குப் போனேன்.

பிறகு நடந்ததற்கு அரை மணி நேரம்கூட ஆகவில்லை. எழுந்து போகச் சொன்னார்கள், இவர்கள் மறுத்தார்கள். பெண் போலீசார் கையைப் பிடித்துத் தூக்கினார்கள். வேனுக்குப் பின்னாலிருந்து ஒரு கல் வந்தது. யார் எறிந்தது என்று எனக்கு இன்றுவரை தெரியாது. அதன் பிறகு நிறையக் கற்கள். தடியடி ஆரம்பித்தது. ஒரு போலீஸ்காரருக்கு நெற்றியில் பட்டு ரத்தம் ஊற்றியது. நான் சுவரோரமாக ஒதுங்கிக்கொண்டு, கண்ணில் பட்ட முகங்களை எல்லாம் பிடித்தேன். செல்வியின் முகமும் அதில் வந்தது. வாயைத் திறந்து கத்திக்கொண்டு, வலது கையைத் தலைக்கு மேல் ஓங்கியிருந்தார். கையில் வெள்ளையாக ஏதோ இருந்தது. நான்கு விநாடி. அதற்குள் யாரோ என்மேல் வந்து மோத, கேமரா கழுத்தில் தொங்க, நானும் ஓடினேன்.

வீட்டுக்கு வந்ததும், கல்யாண வீடியோவில் செய்வதைப் போலவே ஆடினது, சாய்ந்தது எல்லாவற்றையும் வெட்டி எறிந்துவிட்டு, சுத்தமாக ஒரு பிரதி செய்து சேனலுக்கு அனுப்பினேன். மறுநாள் காலையில் அந்த நகரத்து ஸ்டேஷனிலிருந்து போன். வீடியோ வேண்டும் என்றார்கள். சேனலில் கேட்டேன், "குடுத்துடுங்க" என்றார்கள். கேட்டவர்களுக்கு வீடியோ கொடுப்பது எனக்குப் பழகிப்போன விஷயம். பென் டிரைவில் போட்டு நானே எடுத்துக்கொண்டு போனேன்.

வாங்கி வைத்துக்கொண்டு அனுப்பிவிடுவார்கள் என்று நினைத்தேன். இன்ஸ்பெக்டர் என்னை உட்காரச் சொன்னார். டீ வந்தது. கம்ப்யூட்டரில் என் வீடியோவை ஓடவிட்டார்கள். பக்கத்து மேசையில் ஸ்டேஷன் ரைட்டர் பேனாவும் தாளுமாக இருந்தார். ஸ்டேஷனில் எழுத்து வேலை எல்லாம் பார்க்கிற தலைமைக் காவலரைத்தான் ரைட்டர் என்பார்கள். அங்கே இருந்தவர் ஒரு பெண். என்னைவிடப் பத்து வயது சிறியவர், கண்ணாடி போட்டிருந்தார்.

"கல்யாண வீடியோகாரர்தானே நீங்க? எல்லாரையும் தெரியுமே," என்றார் இன்ஸ்பெக்டர் ரொம்ப மரியாதையாக. "இது யாரு?"

முதல் முகம் வார்டு மெம்பர். மனுவில் அவர் பெயர் முதலிலேயே இருக்கிறது, சொன்னேன். படம் நகர்ந்து, கை ஓங்கிய முகத்தில் நின்றது.

"இது?"

"செல்விங்க. சத்துணவுல வேலை செய்யுது."

இதை நீங்கள் நன்றாக யோசிக்க வேண்டும். யாரும் என்னை மிரட்டவில்லை, அடிக்கவில்லை. கேள்வி கேட்டார்கள், எனக்குப் பதில் தெரியும், சொல்லிவிட்டேன். எதிரில் பெரிய மனிதர் உட்கார்ந்து கேட்கும்போது வாயை மூடிக்கொண்டிருக்க எனக்கு வெட்கமாக இருந்தது. அவ்வளவுதான் காரணம். ரைட்டரின் பேனா தாளில் ஓடுகிற சத்தம் கேட்ட பிறகுதான், நான் எதற்காக அங்கே உட்கார்ந்திருக்கிறேன் என்பதே எனக்கு உறைத்தது.

மூன்றாவதாக ஒரு பெரியவர் முகம் வந்தது. "தெரியலீங்க" என்றேன். அடுத்ததும் தெரியவில்லை, அதற்கடுத்ததும் தெரியவில்லை. ரைட்டர் நிமிர்ந்து என்னை ஒரு பார்வை பார்த்தார். நான் பொய் சொல்கிறேன் என்பது அவருக்குப் புரிந்துவிட்டது. பிறகு தாளுக்குத் திரும்பிவிட்டார்.

அன்று சாயங்காலம் செல்வியை வீட்டிலிருந்து கூட்டிப்போனார்கள். கல்லெறிந்து காவலரைத் தாக்கியதாக வழக்கு. நீதிபதி முன்னால் நிறுத்தி, அங்கிருந்து சிறைக்கு அனுப்பிவிட்டார்கள். சிறைக்குப் போனதும் சத்துணவு வேலையிலிருந்து நிறுத்தி வைத்தார்கள். தண்டனை ஆனால் வேலை அடியோடு போய்விடும்.

திங்கட்கிழமை கடையைத் திறந்ததும் செல்வியின் நாத்தனார் வந்து நின்றார். நான் "வாம்மா" என்றேன்.

"வாம்மாவா? எந்த மூஞ்சிய வச்சிக்கினு வாம்மான்ற? ஏங் கல்யாணத்துக்கு நீதான் வீடியோ. எங்க வூட்ல குந்திக்கினு நாஷ்டா துன்ன ஆளு. ஸ்டேஷன்ல போய் பேர் சொல்லிட்டு வந்துகீறியே, நல்லா கீதா?"

நான் ஸ்டூலை இழுத்துப் போட்டேன். அவர் உட்காரவில்லை.

"அவ கல்லு போடலண்ணா. தண்ணி பாக்கெட்டு. அடிபட்ட போலீசுக்குத் தூக்கிப் போட்டாளாம். ஜெயிலுக்குப் போய் பாத்தப்ப அழுதுக்கினே சொன்னா. சொன்னா எவன் நம்புறான்? வீடியோவுல கை ஓங்கிக்கினுதான் கீறா. நீ அங்கதான இருந்த? தண்ணி பாக்கெட்டுதான், நான் பாத்தேன்னு ஒரு வார்த்த சொல்லு. உனக்கு இன்னா கொறஞ்சிடும்?"

அவர் போனதும் மெமரி கார்டைத் தேடினேன். நான் வெட்டி எறிந்ததில் ஏதாவது இருக்கும், கையிலிருந்து அது பறந்துபோவதாவது விழுந்திருக்கும் என்று ஒரு ஆசை. ஞாயிற்றுக்கிழமை ஒரு காதுகுத்துக்கு அதே கார்டை அழித்துவிட்டுப் போட்டிருந்தேன். குழந்தை அழுகிற படம்தான் இருந்தது. கம்ப்யூட்டரிலும் வெட்டினதை எல்லாம் அன்றே துடைத்துவிட்டிருந்தேன். என்னிடம் மிச்சம் இருந்தது அந்த நான்கு விநாடி மட்டும்தான். அதைத் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்தேன். கல்லாகவும் தெரிந்தது, தண்ணீர் பாக்கெட்டாகவும் தெரிந்தது.

அன்று முழுக்க யோசித்து ஒரு முடிவுக்கு வந்தேன். நாத்தனார் கேட்டபடியே சொல்லிவிடுவது. என்னால் உள்ளே போனவர், என் வார்த்தையால் வெளியே வரட்டும். பொய்தான். ஆனால் நல்லதுக்குத்தானே. மறுநாள் காலையில் முதல் பஸ் ஏறினேன். பஸ்ஸில் அந்த ஒரு வரியைத் திரும்பத் திரும்பச் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன்.

இன்ஸ்பெக்டர் வெளியே போயிருந்தார். ரைட்டர் மட்டும் இருந்தார். "இன்னா சார், பேர் ஞாபகம் வந்துடுச்சா?" என்றார். அது கிண்டலா இல்லையா என்று எனக்குப் புரியவில்லை.

"ஒரு விஷயம் சொல்லணும் மேடம். அந்த செல்வி கையில இருந்தது கல்லு இல்ல. தண்ணி பாக்கெட்டு. நான் பாத்தேன்."

"பாத்தீங்களா?"

"பாத்தேன்."

"இன்னா கலர் பாக்கெட்டு? எழுத்து இருந்திச்சா? பாக்கெட்டு எங்க போய் வுழுந்தது?"

நான் விழித்தேன். அவர் பேனாவைக் கீழே வைத்துவிட்டார்.

"நாளைக்குக் கோர்ட்ல வக்கீலு இதைத்தான் கேப்பாரு. நீங்க இப்படி முழிச்சீங்கன்னா, பொய் சாட்சி சொல்றவன்னு ஆயிடும். அப்பால நீங்க சொல்ற நெசத்தையும் எவனும் நம்ப மாட்டான். அந்தப் பொண்ணுக்கு நல்லது பண்றேன்னு அதை இன்னும் ஆழத்துல தள்ளிட்டுப் போவீங்க."

"எனக்கு வேற வழி தெரியல மேடம். என்னாலதான் உள்ள போச்சு."

"அது எனக்குத் தெரியும். எழுதினவளே நான்தானே." குரலில் கொஞ்சமும் இரக்கம் இல்லை. ஒரு வெள்ளைத் தாளை எடுத்து என் முன்னால் தள்ளினார். "உக்காருங்க. நான் கேக்குறேன், நீங்க பாத்தத மட்டும் சொல்லுங்க. பாக்கலன்னா பாக்கலன்னு சொல்லுங்க, அதுல ஒன்னும் வெக்கம் இல்ல. நீங்க குடுத்த வீடியோ முழுசா?"

"இல்ல. ஆடினதெல்லாம் வெட்டிட்டேன்."

"இந்தப் படத்துக்கு முன்னாடி இன்னா எடுத்தீங்க, பின்னாடி இன்னா எடுத்தீங்க?"

"முன்னாடி வேற மூஞ்சி. பின்னாடி ஓடிட்டேன்."

"கையில இருந்தது இன்னா?"

"தெரியாது" என்றேன். அத்தனை நாளில் நான் சொன்ன முதல் உண்மையான 'தெரியாது' அதுதான்.

"சரி. அந்தப் பொண்ணு எந்தப் பக்கம் பாத்துக்கினு இருந்தது?"

இந்தக் கேள்வியை நான் எதிர்பார்க்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டு அந்த இடத்தை நினைத்துப் பார்த்தேன். நான் சுவரோரம். எனக்கு இடது பக்கம் செல்வி. போலீஸ் வரிசை எனக்கு வலது பக்கம், வண்டிகளோடு. செல்வி அந்தப் பக்கம் திரும்பியிருக்கவில்லை. நான் நின்ற பக்கத்துச் சாலை ஓரத்தைப் பார்த்தபடி நின்றார். அங்கே பூட்டிக் கிடந்த ஒரு கடையின் படிக்கட்டு. படிக்கட்டில் ஒரு ஆள் தலையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். காக்கிச் சட்டை.

"அங்க ஒரு போலீஸ்காரர் தனியா உக்காந்திருந்தாரு மேடம். தலையைப் புடிச்சிக்கினு. ரத்தம் வந்துக்கினு இருந்தது."

"இதைப் பாத்தீங்களா, இப்ப கதை கட்டுறீங்களா?"

"சத்தியமா பாத்தேன். கேமராவுல இல்ல. என் கண்ணுல கீது."

"அப்ப அடி ஏற்கெனவே பட்டாச்சு. இந்தப் பொண்ணு கை ஓங்குறதுக்கு முன்னாடியே." அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "இதை ஏன் அன்னிக்கே சொல்லல?"

"யாரும் கேக்கல. நானும் மூஞ்சியத்தான் பாத்துக்கினு இருந்தேன்."

என் கையாலேயே எழுதச் சொன்னார். கொடுத்த வீடியோ வெட்டப்பட்டது, வெட்டியது நான், கையில் இருந்தது என்ன என்று எனக்குத் தெரியாது, காயம்பட்ட காவலர் அதற்கு முன்பே படிக்கட்டில் உட்கார்ந்திருந்ததைப் பார்த்தேன், செல்வி அவரைப் பார்த்துத்தான் கை ஓங்கினார். நான் எழுதியது ஐந்தே வரி. "கல் எறியவில்லை" என்று ஒரு வரி சேர்க்கட்டுமா என்று கேட்டேன். "எறிஞ்சதைப் பாக்கல, எறியாததையும் பாக்கல. பேனாவை மூடுங்க," என்றார். அந்தக் கடிதத்துக்கு ரசீது போட்டுக் கொடுத்தார். "ரசீது இல்லாம ஸ்டேஷன்ல எந்தக் காகிதத்தையும் குடுக்காதீங்க. என்கிட்டயும் சேத்துத்தான் சொல்றேன்," என்றார். இதையும் நீங்கள் குறித்துக்கொள்ளுங்கள்.

வெட்டிய வீடியோ கொடுத்ததற்காக என்மேலேயே வழக்கு வரலாம் என்று தெரிந்துதான் கையெழுத்துப் போட்டேன். ஊரில் யாருக்கும் என் கடிதம் பிடிக்கவில்லை. "பெரிய நியாயக்காரன். ஒரு வார்த்த மாத்திச் சொல்லத் துப்பில்ல," என்று என் காதுபடவே பேசினார்கள். நாத்தனார் வழியில் பார்த்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டார்.

அந்த ஐந்து வரியை ரைட்டர் கோப்பில் வைத்துவிட்டுச் சும்மா இருந்திருக்கலாம். யாரும் அவரைக் கேட்டிருக்க மாட்டார்கள். அவர் ஆஸ்பத்திரிக்குப் போய், நெற்றியில் தையலோடு படுத்திருந்த அந்தக் காவலரிடம் செல்வியின் படத்தைக் காட்டியிருக்கிறார். அவர் பார்த்ததும் சொன்னாராம்: "இந்தம்மாதான். கல்லு எவன் போட்டான்னு எனக்குத் தெரியாது. தண்ணி போட்டது இந்தம்மா. 'தலைய நனைச்சிக்கினு ஒரு ஓரமா குந்துப்பா'ன்னு கத்திச்சு. பாக்கெட்டு மடியில வந்து வுழுந்தது." அதுவரை அவரிடம் யாரும் தண்ணீரைப் பற்றிக் கேட்கவில்லை. கல்லைப் பற்றி மட்டும் கேட்டிருக்கிறார்கள். தன் துறைக்கு எதிராகப் போகுமோ என்று யோசிக்காமல், அந்தக் காவலர் அதை எழுதிக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தார். இன்ஸ்பெக்டருக்கு அது பிடித்திருக்காது. ஆனால் மறைக்கவும் இல்லை. குற்றப்பத்திரிகையில் செல்வியின் பெயர் இல்லை. என்மேலும் வழக்கு எதுவும் வரவில்லை.

நான் சொன்ன பொய்யை அவர் அப்படியே எழுதிக்கொண்டிருந்தால், 'எந்தப் பக்கம் பார்த்தார்' என்ற கேள்வியே வந்திருக்காது. அந்த ரைட்டர் அம்மாவுக்கு நன்றி சொல்லப் பிறகு ஒரு தடவை போனேன். மாற்றலாகிப் போய்விட்டார் என்றார்கள். எங்கே என்று கேட்க எனக்குக் கூச்சம். இந்தக் கட்டுரையை அவர் எங்காவது படித்தால், உத்திரமேரூர் கல்யாண வீடியோகாரன் கைகூப்புகிறான் என்று எடுத்துக்கொள்ளட்டும்.

செல்வி இருபத்திரண்டு நாள் உள்ளே இருந்தார். வெளியே வந்து, மறுபடி வேலைக்கு உத்தரவு வாங்க இன்னும் இரண்டு மாதம் அலைந்தார். அவர் வேலைக்குத் திரும்பிவிட்டார் என்று கேள்விப்பட்டதும், போய்ப் பார்க்காமல் இருக்க என்னால் முடியவில்லை. பள்ளிக்கூடத்துச் சமையற்கூடத்து வாசலில் போய் நின்றேன். சாப்பாடு முடிந்து பாத்திரம் தேய்த்துக்கொண்டிருந்தார். என்னைப் பார்த்தார், தேய்ப்பதை நிறுத்தவில்லை.

"மன்னிச்சிடும்மா," என்றேன்.

"ஒரு வார்த்தையில போய்டுமா அது? சின்னவன் நான் எங்க போய்ட்டேன்னு தெரியாம ராவெல்லாம் அழுதுகீறான். நீ பேர் சொன்னது சொன்னதுதான்."

"ஆமாம்மா."

தேய்த்த குண்டானைக் கவிழ்த்து வைத்துவிட்டு அடுத்ததை இழுத்தார்.

"தண்ணி பாக்கெட்டுன்னு ஏன் சொல்லலன்னு ஊரே உன்னத் திட்டிச்சு. நானுந்தான் உள்ள குந்திக்கினு திட்டினேன். அப்பால யோசிச்சேன். நீ எங்க பாத்த? நீ என்னயே பாத்துக்கினு இருந்த. நான் அந்தாளப் பாத்துக்கினு இருந்தேன்."

இத்தனை வருஷத்தில் என் தொழிலைப் பற்றி யாரும் எனக்கு இவ்வளவு தெளிவாகச் சொன்னதில்லை. முகத்தை எடுத்தால் ஆள் அடையாளம் கிடைக்கும். அந்த முகம் எதைப் பார்க்கிறது என்று திரும்பி எடுத்தால்தான் நடந்தது கிடைக்கும். அதன் பிறகு நான் எடுத்த எல்லாப் போராட்டத்திலும், ஒரு முகத்தைப் பிடித்தால் அது பார்க்கிற திசைக்கும் கேமராவைத் திருப்பினேன். எடுத்தது எதையும் வெட்டாமல் வைத்தேன். யார் பெயரையும் யாரிடமும் சொல்லவில்லை.

அவர் கையைத் துடைத்துக்கொண்டு எழுந்தார். "கேமரா எடுத்தாந்தியா?"

"இல்ல. போன்தான் கீது."

"அது போதும், வா." வாசலுக்குக் கூட்டிப்போய்ச் சாலை ஓரத்தில் புதிதாக நட்டிருந்த ஒரு பலகையைக் காட்டினார். பள்ளி நேரத்தில் கனரக வாகனங்கள் செல்லக் கூடாது என்று எழுதியிருந்தது. "வச்சி ஒரு வாரம் ஆவுது. கல்லு வுழுந்தத நாலு நாளு போட்டீங்க. எதுக்கு உக்காந்தோம்னு அன்னிக்கே போடச் சொன்னேன், எவனும் போடல. இதையாவது போடு."

பள்ளி விடுகிற மணி அடித்தது. பிள்ளைகள் கத்திக்கொண்டு சாலைக்கு ஓடி வந்தார்கள். கால் முறிந்த அந்தச் சிறுமியும் ஒரு பக்கம் சாய்ந்து சாய்ந்து நடந்து வந்தாள். நான் முன்னால் போகாமல் அவர்களுக்குப் பின்னால் நின்று எடுத்தேன். புத்தகப் பைகள், சடைகள், அதற்கு அப்பால் கண்ணுக்கு எட்டிய வரை லாரி இல்லாத சாலை.

சேனலில் பார்த்துவிட்டு உடனே போன் செய்தார்கள். "இன்னாண்ணா, ஒரு மூஞ்சிகூடத் தெரியலயே?"

"ரோடு தெரியுது பாருங்க," என்றேன்.